குருத்தோலை முதல் வைரம் வரை: பனையில் கைவேலை பழகுவோருக்கு

பனையின் தலையில் ஒரே நேரத்தில் நாலு வயது ஓலை நிற்கும். நடுவில் ஈட்டிபோல விரியாமல் நிற்பது குருத்தோலை. அதைச் சுற்றி, இப்போதுதான் விரிந்து வெளிறிய பச்சையாய் இருப்பது சாரோலை. அதற்கும் கீழே முற்றிக் கரும்பச்சையாய் நிற்பது பச்சோலை. காய்ந்து தொங்கி, காற்றடித்தால் சலசலப்பது காவோலை. சாயல்குடி தொடங்கி ஏர்வாடி, கீழக்கரை, மண்டபம் என்று இராமநாதபுரம் கடலோரத்தில் பனைவேலை தெரிந்தவர்களிடம் போய் "ஓலை வேணும்" என்றால், "என்ன ஓலை?" என்பதுதான் பதிலாக வரும். அந்தக் கேள்விக்குச் சரியான விடை சொல்லிவிட்டால் வேலையில் பாதி முடிந்தது. பெட்டி பிளப்பதும் பூஞ்சணம் பிடிப்பதும் கோணுவதும் பெரும்பாலும் விரலின் தவறால் வருவதில்லை. ஓலையைத் தேர்ந்ததிலும் காயவைத்ததிலும் நடந்த தவறு பத்து நாள் கழித்து வெளியே தெரிகிறது, அவ்வளவுதான்.

எதற்கு எந்த ஓலை என்பதை முதலில் மனதில் பதித்துக்கொள்ளுங்கள். கொட்டான், மூடிப்பெட்டி, விசிறி, கிலுகிலுப்பை போன்ற மெல்லிய வேலைக்குக் குருத்தோலை. பாய், கடகம், சுளகு, மீன் போடும் பறி ஆகியவற்றுக்குச் சாரோலை. இழுத்தால் தாங்கும், ஈரம் பட்டாலும் உடனே துவளாது. கூரைக்கும் வேலிக்கும், நுங்கும் பதனீரும் வாங்கிக் குடிக்கும் பட்டைக்கும் பச்சோலை. காவோலை அடுப்புக்கும் கார்த்திகைக்கும்தான். அதை ஊறவைத்து முடைந்துவிடலாம் என்று சிலர் முயல்வார்கள். மடித்த இடமெல்லாம் விண்டுபோகும், நேரம்தான் வீண். காவோலை விழக் குருத்தோலை சிரித்ததாம் என்பார்கள். கைவேலைக்காரருக்கும் குருத்தோலை பக்கம்தான் கண்.

ஓலை வெட்டும் காலமும் முறையும்

தை பிறந்து பாளை சீவத் தொடங்கியதிலிருந்து ஆடி வரை பனையேறிகள் தினமும் மரத்தில்தான் இருப்பார்கள். ஓலை வாங்க அதுவே நல்ல காலம். அதிலும் பங்குனி, சித்திரை வெயிலில் காயும் ஓலைக்கு நிறமும் உறுதியும் கூடும். ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்கு மழை பிடித்துக்கொண்டால் ஓலையை வெட்டாமல் விட்டுவிடுவது நல்லது. மூன்று நாளில் காய வேண்டியது பத்து நாள் கிடந்து கறுத்துப்போகும்.

பழக்கமில்லாதவர் பனையில் ஏறக் கூடாது. காலில் மாட்டும் தளைநாரும் மரத்தில் சாய்த்து ஏறும் முருக்குத்தடியும் இருந்தால் ஏறிவிடலாம் என்று நினைப்பது ஆபத்து. மட்டையின் இரு ஓரமும் ரம்பம்போல இருக்கும் கருக்கு, வழுக்கினால் தொடையையும் மார்பையும் கிழித்துவிடும். காதலில் தோற்றவன் பனை மடலால் குதிரை கட்டி அதன்மேல் ஏறி ஊர்த்தெருவில் வருவதை மடலேறுதல் என்று சங்கப் பாட்டுகள் சொல்லும். கருக்கைக் கையால் தொட்டுப் பார்த்தவருக்குத்தான் அந்த மிரட்டலின் கனம் புரியும்.

ஏறுபவரிடம் இரண்டு விஷயம் சொல்லிவையுங்கள். ஒரு மரத்துக்கு ஒரு குருத்துதான். மாதத்துக்கு ஓர் ஓலை என்ற கணக்கில்தான் பனை புது ஓலை விடும். அடுத்தடுத்துக் குருத்தை எடுத்தால் தலை சிறுத்துவிடும். இரண்டாவது, அடிவரை தோண்டி வெட்டக் கூடாது. பனைக்குக் கிளை கிடையாது. வளரும் நுனி ஒன்றே ஒன்று. அதில் அரிவாள் பட்டால் மரமே போச்சு. வெட்டுக்காயம் உள்ளே இறங்கினால் காண்டாமிருக வண்டுக்கும் வழி திறந்து விட்டதாகிவிடும்.

காயவைப்பது

இந்தக் கரையில் வேலையைக் கெடுக்கும் முதல் எதிரி உப்பு. கடற்காற்று நேராக அடிக்கும் மணலில் ஓலையைப் பரப்பினால் பகலில் நன்றாகக் காய்ந்ததுபோலத் தெரியும். ஆனால் ஓலைமேல் படியும் உப்பு இரவில் காற்றிலிருக்கும் ஈரத்தை இழுத்துக்கொள்ளும். காலையில் தொட்டால் பிசுபிசுக்கும். அந்த ஓலையில் செய்த பெட்டியை மூடி வைத்தால் ஒரே வாரத்தில் பூஞ்சணம் தெரியும். ஆகவே கரையிலிருந்து தள்ளி, வீட்டு மறைவிலோ சுவர் மறைவிலோ வெயில் படும் இடத்தில் காயப் போடுங்கள். கிணற்றுத் தண்ணீர் உப்பாக இருக்கும் ஊர்களில் ஓலையை நனைக்கவும் சாயம் போடவும் குடிதண்ணீரோ மழைநீரோதான் எடுக்க வேண்டும். ஒரு பெட்டிக்கு இரண்டு குடம் தண்ணீர் போதும், கஞ்சத்தனம் பார்க்க வேண்டாம்.

வெட்டிய அன்றே குருத்தை விரித்து, இதழ் இதழாகப் பிரித்து, ஒன்றன்மேல் ஒன்று படாமல் பரப்புங்கள். நல்ல வெயிலில் இரண்டு மூன்று நாள் போதும். பொழுது சாயும் முன்பே எடுத்து உள்ளே வைத்துவிட வேண்டும். ஓர் இரவுப் பனி பட்டாலும் அழியாத கரும்புள்ளி விழும். பக்குவம் பார்க்க ஓர் இதழை விரலில் சுற்றிப் பாருங்கள். விட்டதும் சரசரவென்று விரிந்து, நிறம் வெண்ணெய்போல் வெளுத்திருந்தால் சரி. சுற்றியபடியே சோர்ந்து நின்றால் உள்ளே ஈரம் மிச்சம். மடித்ததும் ஒடிந்தால் வெயில் மீறிவிட்டது. ஈரத்துணியில் சுற்றி மீட்கலாம்.

காய்ந்தபின் ஒவ்வோர் இதழிலும் நடுவில் ஓடும் ஈர்க்கைக் கத்தி முனையால் அடியில் கீறி, ஒரே இழுப்பில் உரித்தெடுங்கள். இதழ் இரண்டு ஏடாகப் பிரியும். ஈர்க்கை எறிய வேண்டாம், பெட்டியின் வாய்க்கு அதுதான் எலும்பு. மிஞ்சினால் துடைப்பம்.

ஏட்டைச் சம அகலத்துக்குக் கிழிப்பதற்கு ஒரு சிறு கருவி செய்துகொள்ளலாம். கைக்கடக்கமான மரத்துண்டில் வேண்டிய இடைவெளியில் இரண்டு பிளேடுகளை ஒன்றுக்கொன்று இணையாகச் செருகி, ஏட்டை மரத்தின்மேல் அழுத்தி இழுத்தால் ஓரம் கழிந்து சம அகலத்தில் நாடா வரும். கண்ணளவில் கிழித்தால் அரை மில்லிமீட்டர் பிசகும். ஒரு நாடாவில் அது ஒன்றுமில்லை. பன்னிரண்டு நாடா சேரும்போது ஆறு மில்லிமீட்டர் ஆகி அடி சதுரம் கோணிவிடும்.

சாயம்

வெள்ளையாகவே முடைந்தாலும் அழகுதான். நிறம் வேண்டுமென்றால் நாடாவாகக் கிழித்தபின், முடைவதற்கு முன் போட வேண்டும். ஒரு கிலோ ஓலைக்குப் பத்து லிட்டர் தண்ணீர், ஓலைக்கும் பாய்க்கும் என்று கடையில் விற்கும் சாயப்பொடி இருபது கிராம். பொடியை முதலில் ஒரு குவளை வெந்நீரில் கட்டியில்லாமல் கரைத்து, துணியில் வடிகட்டி, கொதிக்கும் தண்ணீரில் ஊற்றுங்கள். நேராகப் பொடியைத் தூவினால் கரையாத துகள் ஒட்டிய இடமெல்லாம் திட்டுத் திட்டாய்ப் போகும். நாடாவைத் தளர்வாகக் கட்டி முழுதும் மூழ்கவிட்டு, இருபது நிமிடம் கொதியில் புரட்டிக்கொண்டே இருங்கள். எடுத்ததும் தெளிந்த தண்ணீர் வரும்வரை அலசி, நிழலில் உலர்த்துங்கள். அலசுவதில் அவசரப்பட்டால் பெட்டியில் வைத்த வேட்டியும் சிவப்பாகும். ஒரே அளவு பொடி போட்டாலும் குருத்தோலை பளிச்சென்றும் சாரோலை மங்கலாகவும் பிடிக்கும். இரண்டையும் கலந்து ஒரே பாத்திரத்தில் போட்டால் பெட்டியில் நிறம் இரண்டாகத் தெரியும்.

மூடிப்பெட்டி: பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு

முதல் பெட்டிக்கு ஒரு சென்டிமீட்டர் அகல நாடா எடுத்துக்கொள்ளுங்கள். அடி 12 செ.மீ. சதுரம், உயரம் 10 செ.மீ. இதற்கு வேண்டியவை: அடிக்கும் சுவருக்கும் 45 செ.மீ. நாடா 24, சுவரைச் சுற்றி ஓட 54 செ.மீ. நாடா 10, மூடிக்கு 34 செ.மீ. நாடா 26; மூடிச் சுவருக்கு 58 செ.மீ. நாடா 4. ஆக 64 நாடா. நல்ல குருத்து ஒன்று இருந்தால் போதும், மிச்சமும் கிடக்கும். 45 எப்படி வந்தது என்றால், அடிக்கு 12, இரண்டு பக்கச் சுவருக்குப் பத்தும் பத்தும், மேலே மடித்துச் செருக இரு முனையிலும் ஆறாறு, ஆக 44. கை நடுக்கத்துக்கு ஒன்று. வேறு அளவில் பெட்டி வேண்டுமானால் இதே கணக்கைப் போட்டுக்கொள்ளலாம்.

முடைவதற்கு அரை மணி நேரம் முன் நாடாக்களை ஈரத்துணியில் சுற்றி வையுங்கள். தண்ணீரில் ஊறப்போட வேண்டாம். ஊறிய ஓலை உப்பியிருக்கும். அப்போது நெருக்கமாகத் தெரியும் பின்னல், காய்ந்ததும் சுருங்கி ஈச்சம்பாய்போல இடைவெளி விட்டுவிடும். அடுத்த வாரம் அரிசி அதில் ஒழுகும்.

பன்னிரண்டு நாடாவைத் தரையில் நெட்டாக, வழவழப்பான பக்கம் கீழே பார்க்கப் பரப்புங்கள். அந்தப் பக்கம்தான் பெட்டியின் வெளிப்புறம் ஆகும். ஒரு முனையைப் பலகையால் அழுத்திக்கொண்டு, குறுக்கே ஒரு நாடாவை ஒன்றின்மேல், ஒன்றின்கீழ் என்று ஓட்டுங்கள். அடுத்தது அதற்கு மாறாக. இப்படிப் பன்னிரண்டும் ஓடியபின் பின்னலை நடுவுக்குத் தள்ளி, எல்லா நாடாவும் நான்கு பக்கமும் சமமாக நீட்டி நிற்கச் செய்யுங்கள். இப்போது அளக்க வேண்டியது பக்கத்தை மட்டுமல்ல, மூலைக்கு மூலையும் அளக்க வேண்டும். இரண்டு மூலைவிட்டமும் ஒன்றாக இருந்தால்தான் சதுரம். இரண்டு மூன்று மில்லிமீட்டர் வித்தியாசத்தை இப்போதே இழுத்துச் சரிசெய்துவிடுங்கள். சுவர் ஏறியபின் கோணலைத் திருத்த முடியாது, பெட்டி ஒரு பக்கமாய்த் திருகிக்கொண்டே போகும்.

அடியின் நாலு ஓரத்திலும் அளவுகோலை வைத்து, நீட்டி நிற்கும் நாடாக்களை மேல்நோக்கி மடித்து நகத்தால் நீவிவிடுங்கள். மொத்தம் 48 நாடா நிமிர்ந்து நிற்கும். இனிச் சுற்று நாடா. இங்கேதான் புதிதாகப் பழகுவோர் அதிகம் தடுமாறுவார்கள். ஒரே நீள நாடாவைச் சுருளாக ஏற்றிக்கொண்டே போகலாம் என்று தோன்றும். 48 இரட்டைப்படை. ஒரு சுற்று முடிந்து புறப்பட்ட இடத்துக்கு வந்ததும், முதல் சுற்றில் எதன்மேல் போனதோ அதன்மேலேயே மறுபடி போகும். பின்னல் மாறாது, பூட்டு விழாது. அதனால் ஒவ்வொரு சுற்றும் தனி வளையம். ஒரு வளையத்தை ஓட்டி, முனையைத் தொடக்கத்தின்மேல் நாலைந்து நாடா தூரம் ஒன்றாக ஓட்டி உள்ளே மறையுங்கள். அடுத்த வளையத்தை மாற்றிப் பிடித்து, வேறொரு பக்கத்தில் தொடங்குங்கள். இணைப்பெல்லாம் ஒரே பக்கத்தில் விழுந்தால் அந்தச் சுவர் மட்டும் கர்ப்பிணி வயிறுபோல் தள்ளிக்கொண்டு நிற்கும்.

முதல் வளையம் அடியின் கடைசி வரிசைக்கு மாறாக ஓட வேண்டும். அடியின் கடைசிக் குறுக்கு நாடா எந்த நாடாவின்மேல் போனதோ அதன் உட்புறம் வளையம் வரக் கூடாது. இதைத் தவறவிட்டால் அடியும் சுவரும் சேரும் இடத்தில் இரண்டும் ஒட்டி ஒரே நாடாபோல் அசையும், சீக்கிரம் பிரியும். முதல் இரண்டு வளையம் வரை துணிக்கிளிப்பைக் கொண்டு மூலைகளைப் பிடித்துக்கொள்ளலாம். மூன்றாவதில் தானே நிற்கும். ஒவ்வொரு வளையம் முடிந்ததும் விரல் முனையால் கீழே தட்டி நெருக்குங்கள். இழுவை எல்லா வளையத்திலும் ஒரே மாதிரி இருக்க வேண்டும். மேலே போகப்போக வாய் சுருங்கினால் கை இறுகுகிறது என்று பொருள். 12 செ.மீ. அகலத்தில் ஒரு மரக்கட்டையோ டப்பாவோ உள்ளே வைத்துக்கொண்டு முடைந்தால் பழகும்வரை காவலாக இருக்கும்.

பத்து வளையமும் முடிந்ததும் வாய்க்கட்டு. கடைசி வளையத்துக்கு வெளியே நிற்கும் நாடாக்களை உள்பக்கம் மடித்து, இரண்டு மூன்று வளையத்துக்குக் கீழே செருகுங்கள். உள்ளே நிற்பவற்றை வாய் மட்டத்துக்கு வெட்டிவிடலாம். பிறகு ஈர்க்கு நாலைந்தைச் சேர்த்து வாயின் வெளியே ஒரு கட்டு, உள்ளே ஒரு கட்டு வைத்து, 3 மி.மீ. அகல ஈர நாடாவைக் கோணி ஊசியில் கோத்து ஒரு சென்டிமீட்டருக்கு ஒரு தையலாகச் சுற்றிப் பொத்துங்கள். வாயின் சுற்றளவைப்போல் நாலு மடங்கு நாடா இதற்குப் பிடிக்கும். மூலையில் ஈர்க்கை மடிக்கும்முன் வெந்நீர்த் துணியால் ஒற்றிவிட்டால் ஒடியாது.

மூடியும் இதே வேலைதான். ஆனால் 13க்கு 13 நாடா, நாலு வளையம். பெட்டியின் வாய்க்கட்டு இரண்டு பக்கமும் சேர்த்து அரை சென்டிமீட்டருக்கு மேல் தடிப்பு ஏற்றிவிடும். அதனால்தான் ஒரு நாடா கூடுதல். பன்னிரண்டிலேயே மூடி முடைந்துவிட்டு ஏறவில்லையே என்று அழுத்துவதில்தான் பல பெட்டிகளின் மூலை தெறிக்கிறது.

முடிந்த பெட்டியை மறுபடி அரை நாள் வெயில் காட்டி, அடுப்படிப் பரணில் வையுங்கள். புகை படிந்த ஓலையில் பூச்சி அண்டாது. இப்போது கேஸ் அடுப்புதான் என்றால் காய்ந்த வேப்பிலை ஒரு பிடி உள்ளே போட்டு வையுங்கள். கருப்பட்டி வைப்பதாக இருந்தால் மழைக்காலத்தில் மூடியைத் திறந்து திறந்து பார்க்க வேண்டாம். கருப்பட்டி காற்றின் ஈரத்தை இழுத்துக் கசியத் தொடங்கும், ஓலையும் சேர்ந்து கெடும்.

மிஞ்சிய நாடாவில் பிள்ளைகளுக்குக் காற்றாடி. நாலு விரல் நீளத்தில் இரண்டு துண்டை மடித்து ஒன்றுக்குள் ஒன்று பூட்டி, நடுவில் உடைமுள்ளைக் குத்தி ஓடவிட்டால் கரைக்காற்றுக்கு நிற்கவே நிற்காது. மூக்கையூர், பாம்பன், தங்கச்சிமடம் பக்கத்துக் கத்தோலிக்கர் பங்குனி வாக்கில் வரும் குருத்தோலை ஞாயிறுக்குச் சிலுவை மடிப்பதும் இந்த அகல நாடாவில்தான் அழகாக வரும். மந்திரித்த ஓலையை வீட்டில் செருகி வைத்து, அடுத்த ஆண்டு சாம்பல் புதனுக்கு எரித்துச் சாம்பலாக்குவது வழக்கம். அதற்குச் சாயம் போட்ட ஓலை கூடாது.

எழுத ஓலை பாடம் செய்ய வேண்டுமென்றால் இதே ஏட்டை மூன்று சென்டிமீட்டர் அகலத்தில் நறுக்கி, மஞ்சள் போட்ட தண்ணீரில் அரை மணி கொதிக்கவிட்டு, நிழலில் உலர்த்தி, பாரம் ஏற்றித் தட்டையாக்கி, சங்கின் வழவழப்பான முதுகால் தேயுங்கள். எழுத்தாணிக்குத் துள்ளாத வழுவழுப்பு வர வேண்டும். கீறியபின் விளக்குக்கரியை எண்ணெயில் குழைத்துப் பூசித் துடைத்தால் கீறல் மட்டும் கறுத்து நிற்கும்.

மட்டையும் நாரும்

நாருக்குப் பச்சை மட்டைதான் வேண்டும். காய்ந்து விழுந்த மட்டை விறகு. முதலில் இரு ஓரக் கருக்கையும் அரிவாளால் ஒரே சீவாகச் சீவி எறியுங்கள். மட்டையின் குழிந்த உட்புறத்தோல் அகணி, புடைத்த வெளிப்புறத்தோல் புறணி. அகணி நார் வளையும், முறுக்கும். கட்டில் பின்னவும் கட்டவும் அது. புறணி நார் விறைப்பானது. நார்ப்பெட்டிக்கும் பெட்டியின் மூலைக்கு முட்டுக் கொடுக்கவும் அது. மட்டையின் அடியில் கத்தியால் ஒரு விரல் அகலத்துக்குக் கீறி, தோலை நெம்பிப் பிடித்து, மட்டையை வளைத்துக்கொண்டே உரித்தால் நீளமாய் வரும். தோலை இழுக்காமல் மட்டையை வளைப்பதுதான் சூட்சுமம். தோலை இழுத்தால் பாதியில் மெலிந்து அறுந்துவிடும். பின்பக்கம் ஒட்டியிருக்கும் சோற்றை, அதாவது மென்சதையை, கத்தி மொட்டை முனையால் வழித்துவிடுங்கள். அது இருந்தால் நார் உளுத்துப்போகும்.

காயவைத்த நாரைக் கட்டிலுக்குப் பின்னும்முன் ஒரு மணி நேரம் நல்ல தண்ணீரில் ஊறவைக்க வேண்டும். இங்கே மட்டும் ஊறல் நல்லது. ஈரத்தில் இழுத்துக் கட்டிய நார் காய்ந்ததும் சுருங்கித் தானே விறைக்கும். பெட்டிக்குக் கெடுதலாய் இருந்த அதே சுருக்கம் கட்டிலுக்கு வரம்.

மரம்

பனையை வெட்டுவதற்கு முன் ஒன்று. 2021இல் தமிழ்நாடு அரசு வேளாண்மைக்கென்று முதன்முதலாகத் தனி நிதிநிலை அறிக்கை வைத்தபோது, மாவட்ட ஆட்சியரின் அனுமதி இல்லாமல் பனையை வெட்டக் கூடாது என்று அறிவித்தது. ஆகவே புயலில் சாய்ந்தது, இடி விழுந்து மொட்டையானது, தலை பட்டுப்போனது ஆகியவற்றையே தேடுங்கள். ஒற்றைப் பனையில் முனி இருக்கிறது, உச்சிப்பொழுதில் அடியில் நிற்காதே என்று பெரியவர்கள் சொல்வதுண்டு. முனி இருக்கிறதோ என்னவோ, வெட்டவெளியில் தனித்து நிற்கும் பனைமேல் இடி விழுவது நிஜம். காய்ந்த மட்டை தலையில் விழுவதும் நிஜம்.

பனை மரமே அல்ல என்று ஆரம்பித்தால்தான் தச்சருக்கு வேலை விளங்கும். புறத்தே வைரம், அதாவது உறுதியான கட்டை, உள்ளதைப் புல் என்றும் அகத்தே வைரம் உள்ளதை மரம் என்றும் தொல்காப்பியம் பிரிக்கிறது. தேக்கில் நடு உறுதி, ஓரம் வெளிறு. பனையில் தலைகீழ். பட்டையை ஒட்டி இரண்டு மூன்று விரல்கடை தடிப்புக்குக் கறுத்த நார் நெருங்கிய வைரம். உள்ளே போகப்போக நார் அருகி வெறும் சோறு. அடிமரத்தில் வைரம் தடிப்பு, மேலே போகப்போக மெலிவு. வீட்டு வேலைக்கு அடியிலிருந்து மூன்றில் ஒரு பங்குதான் முதல் தரம். இளமரத்தில் வைரம் பாய்ந்திருக்காது. தென்னை வைத்தவன் தின்றுவிட்டுச் சாவான், பனை வைத்தவன் பார்த்துவிட்டுச் சாவான் என்ற சொலவடை நுங்குக்கு மட்டுமல்ல, விட்டத்துக்கும் பொருந்தும்.

பனையை ரம்பத்தால் நெட்டுக்கு அறுப்பதைவிட ஆப்பு வைத்துப் பிளப்பது நல்லது. நார் ஓடும் வழியே பிளக்கும். நார் அறுபடாததால் பனங்கை, அதாவது கூரைக்கு வைக்கும் சட்டம், முழு பலத்தோடு நிற்கும். அடிமரத்தின் பருமனைப் பார்த்து நாலாகவோ ஆறாகவோ பிளந்து, உள்சோற்றை வாச்சியால் கறுப்பு தெரியும்வரை செதுக்கி எடுங்கள். சோறு கொஞ்சம் ஒட்டியிருந்தால் என்ன என்று விட்டுவிடாதீர்கள். கறையானும் துளைப்பூச்சியும் முதலில் வருவது அந்த மாவுச்சத்துக்குத்தான். பிளந்த பனங்கைகளைக் கண்மாயிலோ தொட்டியிலோ ஒரு மாதம் மூழ்க வைத்தால் மிச்ச மாவும் கரையும். பிறகு நிழலில், இடையிடையே குச்சி கொடுத்து அடுக்கி, மேலே பாரம் ஏற்றி இரண்டு மூன்று மாதம் விடுங்கள். வெட்டு முகங்களில் வேப்பெண்ணெய் தடவுவது வெடிப்பைக் குறைக்கும். கூரையில் வைக்கும்போது படுக்கையாக வைக்காமல் குத்தாக, அதாவது உயரம் அதிகமாய் வரும்படி நிறுத்துங்கள். அதே கை இரண்டு மடங்குக்கு மேல் பாரம் தாங்கும்.

சின்ன வேலைகளுக்கு, கத்திப்பிடி, மத்து, கைத்தடி, தட்டு போன்றவற்றுக்கு, வைரத்தை மட்டும் எடுங்கள். பனை வைரம் சாதாரண ரம்பப் பல்லை அரை நாளில் மொட்டையாக்கும். கார்பைடு முனை உள்ள பிளேடு வேண்டும். இழைப்புளியை நாருக்கு எதிராக ஓட்டினால் கறுப்பு நார் கொத்தாய்ப் பெயர்ந்து பள்ளம் விழும். நார்வழியே, மிக மெல்லிய சீவலாக ஓட்டி, கடைசியில் உப்புத்தாள் போடுங்கள். ஆணியை நேராக அடித்தால் பிளக்கும். ஆணியின் பருமனுக்குச் சற்றுக் குறைவாக முன்துளை போட்டே தீர வேண்டும். திருகாணி சோற்றுப் பக்கம் பிடிக்கவே பிடிக்காது, வைரப் பக்கமிருந்து ஏற்றுங்கள். கையுறை போட மறக்க வேண்டாம். பனஞ்சிலாம்பு ஊசிபோல உள்ளே இறங்கி ஒடிந்து நின்றுவிடும், எடுக்காமல் விட்டால் சீழ்ப்பிடிக்கும்.

கார்த்திகைக்கு மாவளி

காய்க்காத ஆண்பனையை, அதாவது அலகுப்பனையை, வெறும் மரம் என்று ஒதுக்குவோர் உண்டு. திருவோத்தூரில் ஆண்பனைகளைச் சம்பந்தர் பாடிப் பெண்பனையாக்கினார் என்ற கதையும் அந்த ஏக்கத்தில் பிறந்ததுதான்போல. ஆனால் கார்த்திகையில் பொறி பறக்கத் தலைக்குமேல் சுற்றும் மாவளிக்கு ஆண்பனைதான் வேண்டும். அதன் காய்ந்த பூங்கதிரில்தான் நல்ல கரி கிடைக்கும்.

காய்ந்த கதிர்களைப் பொறுக்கி, இரண்டடிக் குழியில் போட்டுக் கொளுத்துங்கள். சுவாலை அடங்கி எல்லாம் தணலானதும் ஈரச் சாக்கைப் போட்டு மூடி, மேலே மண் தள்ளி, காற்றுப் புகாமல் ஓர் இரவு விடுங்கள். சீக்கிரம் திறந்தால் கரி சாம்பலாகிவிடும். மறுநாள் எடுத்து, மண் கலக்காமல் அம்மியில் பொடித்து, துணியில் சலியுங்கள். மைபோல இருக்க வேண்டும். பழைய பருத்தி வேட்டியில் ஒரு சாண் நீளத்துக்கு விரல் பருமன் குழலாகத் தைத்து, பொடியைக் குச்சியால் குத்திக் குத்தி இறுக்கி அடைத்து, வாயைத் தைத்து, மேலே நூல் சுற்றுங்கள். பச்சைப் பனைமட்டையை இரண்டடி நீளத்தில் மூன்று சிம்பாகப் பிளந்து, நடுவில் பொதியை வைத்து மூன்றும் கவ்வும்படி இரண்டு முனையிலும் கட்டி, ஒரு முனையில் மூன்று நாலடிக் கயிறு. பொதியின் நுனியில் தணலை வைத்து ஊதி, கனன்றதும் தலைக்குமேல் சுற்றினால் பொன்பொறி வட்டமாய்ச் சொரியும்.

பொறி வராமல் புகைதான் வருகிறது என்றால் கரியில் ஈரம். சுற்றும்முன் ஒரு நாள் வெயிலில் வைத்திருக்க வேண்டும். பெரிய பெரிய தணலாய்த் தெறித்தால் பொடி கரகரப்பு, சட்டை பொத்தலாகும். மொத்தமாய்க் கழன்று விழுந்தால் அடைப்பு தளர்ச்சி. பாலியஸ்டர் துணியில் ஒருபோதும் கட்டக் கூடாது, உருகிக் கையில் ஒட்டும். சட்டம் காய்ந்த மட்டையாக இருந்தால் அதுவே பற்றிக்கொள்ளும். ஓலைக்கூரைக்கும் வலைகள் காயும் இடத்துக்கும் ஐம்பது அடி தள்ளி, கடற்கரை ஈரமணலில் நின்று சுற்றுங்கள். கோயில் முன்னே சொக்கப்பனை எரிந்து முடிந்தபின், அந்தத் தணலிலேயே மாவளியைப் பற்றவைத்துக்கொள்ளலாம்.